நகரத்துப் பாட்டும் எல்லைத் தமிழரும்

2025-ஆம் ஆண்டு மே மாதம் 18-ஆம் நாள் மாலை பாலக்காட்டுக் கோட்டை மைதானத்தில் வேடன் என்னும் பாடகரின் நிகழ்ச்சி ஒன்று நடந்தது. கேரள அரசின் பட்டியல் சாதியினர் நலத்துறையும் பண்பாட்டுத் துறையும் சேர்ந்து நடத்திய நிகழ்ச்சி அது. எதிர்பார்த்ததைக் காட்டிலும் பெருங்கூட்டம் திரண்டுவிட்டது. நெரிசலில் சிலர் காயமுற்றனர். காவலர் தடியெடுக்க நேர்ந்தது. மைதானத்துப் பொருள்கள் சேதமாயின என்று நகராட்சி முறையிட்டது. இவை இரண்டொரு வாரத்தில் மறந்து போகும் செய்திகள். மறக்க முடியாத செய்தி அதன்பின் வந்தது. சில நாட்களில் அதே நகரில் நடந்த ஓர் எதிர்ப்புக் கூட்டத்தில், ஓர் அமைப்பின் தலைவர் ஒரு வினாவை எழுப்பினார். பட்டியல் சாதியாருக்கும் பழங்குடியாருக்கும் என்று எத்தனையோ கலைகள் இருக்க, ராப் என்னும் இந்தப் பாட்டுக்கும் அவர்களுக்கும் என்ன தொடர்பு என்பதே அவ்வினா.

கேட்டவரின் நோக்கம் எதுவாயினும் ஆகுக, வினா ஆராயத்தக்கது. நம் பல்கலைக் கழகத்துத் தமிழ் மாணவருள் பாலக்காட்டுச் சித்தூர் வட்டத்திலிருந்து வந்தோர் உண்டு. இடுக்கியின் தேவிகுளம், பீர்மேடு வட்டங்களிலிருந்து வந்தோரும் உண்டு. இரவில் விடுதியின் எந்த அறையைக் கடந்து சென்றாலும் இந்தப் பாட்டுத்தான் கேட்கிறது. இதனை ‘இரைச்சல்’ என்று ஒதுக்குவோரும் நம்முள் உளர். ‘இதுவே இனி இசை’ என்று கொண்டாடுவோரும் உளர். இரு சாராருமே அது எங்கிருந்து வந்தது என்று கேட்பதில்லை. நான் இசை கற்றவன் அல்லன், இயற்பியல் மாணவன். ஆயினும் தேடிப் படித்தவற்றையும் எண்ணிப் பார்த்தவற்றையும் இங்கே வைக்கிறேன்.

ராப் என்பது தாளத்தின்மேல் பேச்சை ஏற்றிச் சொல்லும் முறை. இராகத்தைவிட எதுகையும் சொல்லின் ஓட்டமும் அதில் முதன்மையானவை. அதன் பிறப்பை 1973-ஆம் ஆண்டு ஆகஸ்டு 11-ஆம் நாளோடு சேர்த்துச் சொல்வது வழக்கம். நியூயார்க் நகரின் பிராங்க்ஸ் பகுதியில், செட்விக் அவென்யூவில் 1520 என்னும் எண்ணுள்ள அடுக்குமாடிக் கட்டடத்தில் அன்று ஒரு சிறிய விருந்து நடந்தது. சிண்டி காம்பெல் என்னும் பெண், பள்ளி திறக்குமுன் புத்தாடை வாங்கப் பணம் சேர்ப்பதற்காக, நுழைவுக் கட்டணம் வைத்து நடத்திய விருந்து அது. உடன்பிறந்தவரான கிளைவ் காம்பெல் இசைத்தட்டுகளைச் சுழற்றினார். ‘கூல் ஹெர்க்’ என்று பின்னர்ப் புகழ்பெற்றவர் அவரே. அக்குடும்பம் ஜமைக்காத் தீவிலிருந்து பிழைப்புத் தேடி வந்த குடும்பம். பாட்டு நின்று தாளம் மட்டும் தனித்து ஒலிக்கும் சில நொடிகளில்தான் ஆடுவோர் மிகுதியாக எழுந்து ஆடுகின்றனர் என்பதை அவர் கண்டார். ஒரே இசைத்தட்டின் இரண்டு படிகளை இரண்டு சுழற்பெட்டிகளில் வைத்து, அச்சில நொடிகளை மாறி மாறித் திருப்பிப் போட்டு நீட்டினார். அந்நீட்சியின்மேல் பேச்சு ஏறிற்று, பேச்சு பாட்டாயிற்று.

இதில் கவனிக்க வேண்டியது ஒன்று. அந்நாளைய பிராங்க்ஸ், பெருஞ்சாலை ஒன்று குறுக்கே பிளந்து சென்று குடிகளைக் கலைத்த இடம். வீடுகள் தெருத்தெருவாக எரிந்து கிடந்த இடம். அங்கிருந்த கறுப்பின இளைஞருக்கும் தீவுகளிலிருந்து வந்த இளைஞருக்கும் வாத்தியம் வாங்கப் பணம் இல்லை. கற்பிக்க ஆசிரியரும் இல்லை. வீட்டில் கிடந்த பழைய இசைத்தட்டே வாத்தியம் ஆயிற்று. வாயே மற்றொரு வாத்தியம் ஆயிற்று. ஆகவே ராப் என்பது செல்வர் வீட்டிலிருந்து இறங்கி வந்த நாகரிகம் அன்று. வேறு வழியில்லாதவர் கையில் இருந்ததைக் கொண்டு செய்துகொண்ட ஒன்று. 1982-இல் கிராண்ட்மாஸ்டர் ஃபிளாஷ் குழுவினரின் ‘தி மெசேஜ்’ வந்தபோது, விருந்துப் பாட்டாக இருந்தது சேரியின் வாழ்வைச் சொல்லும் பாட்டாகவும் வளர்ந்திருந்தது.

தமிழர் இதனைத் தொட்ட இடங்களைப் பார்த்தால் ஓர் ஒற்றுமை புலப்படும். மலேசியாவில் ரப்பர்த் தோட்டங்கள் துண்டாடப்பட்டுக் கைமாறியபோது, தோட்டத்துத் தமிழ்க் குடும்பங்கள் கோலாலம்பூரின் ஓரங்களுக்குப் பெயர்ந்தன. அந்நாட்டில்தான் யோகி பி – நட்சத்திரா குழுவின் ‘வல்லவன்’ என்னும் இசைத்தொகுப்பு 2006-இல் வெளிவந்து, தமிழ் ராப் என ஒன்று உண்டு என்று உலகுக்குக் காட்டியது. மும்பையின் தாராவியில் திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து சென்று தோல் பதனிட்ட குடும்பங்களின் பேரப்பிள்ளைகள் தமிழிலும் இந்தியிலும் மராத்தியிலும் கலந்து பாடுகின்றனர். அவர்களுள் டோப்படெலிக்ஸ் என்னும் குழுவினரின் குரலை 2018-இல் வந்த ‘காலா’ படத்தில் கேட்கலாம். எங்கெல்லாம் தமிழர் வேலைக்காகப் பெயர்க்கப்பட்டு, வேலை போனபின் நகரத்து ஓரத்தில் நின்றனரோ, அங்கெல்லாம் இப்பாட்டு முளைத்திருக்கிறது.

சென்னைக்கு இது புதிதாக வந்து சேர வேண்டியதே இல்லை. வடசென்னையில் துறைமுகத் தொழிலாளரும் ஆலைத் தொழிலாளரும் வாழ்ந்த தெருக்களில் கானா இருந்தது. இந்தியில் கானா என்றால் பாட்டு என்றே பொருள். ஆனால் பொருள் இங்கே சுருங்கவில்லை, விரிந்தது. சாவு வீட்டில் இரவு முழுதும் விழித்திருந்து, இறந்தவரின் வாழ்வையும் வாழ்வின் நிலையாமையையும் பாடுவது அதன் பழைய வேலை. தட்டுவதற்கு டோலக் இல்லையேல் பானையோ தகரமோ போதும். நீண்ட நாள் அதற்கு மேடை கிடைக்கவில்லை. 2018-ஆம் ஆண்டு சனவரி 6-ஆம் நாள் சென்னைக் கீழ்ப்பாக்கத்தில் ‘தி கேஸ்ட்லெஸ் கலெக்டிவ்’ குழுவின் முதல் அரங்கேற்றம் நடந்தது. இயக்குநர் பா. இரஞ்சித்தும் இசையமைப்பாளர் தென்மாவும் கூட்டிய அக்குழுவில் கானாவும் ராப்பும் பறையும் கிதாரும் ஒன்றாக நின்றன. பெயர், அயோத்திதாசப் பண்டிதர் (1845–1914) முன்வைத்த சாதிபேதமற்ற தமிழர் என்னும் கருத்திலிருந்து பிறந்தது. இருபதுக்கு ஒன்று குறைவான அக்குழுவில் பெண் ஒருவரே, அவர் இசைவாணி. ஆண்களுக்கென்றே இருந்த கானாவில் அவர் பாட வந்தது சிறிய செயல் அன்று. 2020-இல் பி.பி.சி. நிறுவனம் உலகில் தேர்ந்தெடுத்த நூறு பெண்களுள் அவரும் ஒருவர்.

இங்கே என் பாடத்தின் பக்கம் சற்றே சாய்வதைப் படிப்போர் பொறுத்தருள வேண்டும். தட்டையான தோல் ஒன்றைத் தட்டினால் எழும் மேற்சுரங்கள் அடிப்படைச் சுரத்தின் முழு மடங்குகளாக அமைவதில்லை. ஆதலால் பறையின் ஒலி இன்ன சுரம் என்று காது பிடித்துச் சொல்ல முடியாது. மிருதங்கத்தின் வலந்தலையில் நடுவே இடும் கரும்பூச்சு அக்குறையை நீக்கி, மேற்சுரங்களை முழு மடங்குகளுக்குக் கொண்டுவந்து விடுகிறது. இதனைச் சர் சி. வி. இராமன் 1920-இல் ‘நேச்சர்’ இதழில் விளக்கினார். மிருதங்கம் சபைக்குள் சென்றதற்கு அதன் சுரம் ஒரு காரணம் என்று கொள்ளலாம். ஆனால் கரும்பூச்சை இட்ட கைகள் சபைக்குள் செல்லவில்லையே! பாலக்காடு என்றதும் செம்பை வைத்தியநாத பாகவதரையும் மிருதங்க மேதை மணி ஐயரையும் நினைக்கிறோம், நினைக்கத்தான் வேண்டும். அதே மாவட்டத்தில் சித்தூருக்கு அண்மையிலுள்ள பெருவெம்பில் தோற்கருவிகளைச் செய்தே வாழ்ந்து வரும் குடும்பங்களை நம்மில் எத்தனை பேர் அறிவோம்? தோலோடு தொடர்பு வாசிப்பவருக்குப் புகழையும் செய்பவருக்குத் தாழ்வையும் தந்த கதையைப் பாடகர் டி. எம். கிருஷ்ணா 2020-இல் ஒரு நூலாகவே எழுதினார். பறையோ சுரத்தை நாடவில்லை, தொலைவை நாடியது. தீயில் காட்டினால் தோலின் ஈரம் வற்றி இழுவிசை ஏறுகிறது. இழுவிசை நான்கு மடங்கானால் அதிர்வெண் இரு மடங்காகும். ஊருக்கு வெளியே நிறுத்தப்பட்டவன் ஊர் முழுதும் கேட்கச் செய்யும் கருவி அது. இன்று கணினித் தாளம் அதே வேலையைத்தான் செய்கிறது என்பது என் துணிபு.

ஆகப் பாலக்காட்டில் எழுந்த வினாவுக்குப் பாதி விடை கிடைத்துவிட்டது. மரபு என்பது ஒருவனுக்கு மற்றவர் ஒதுக்கிக் கொடுக்கும் வேலை அன்று. ‘உனக்குரிய கலை இதுதான், இதனை மட்டும் செய்’ என்று பிறர் சொன்னால், அது உனக்குரிய தொழில் இதுதான் என்று முன்னர்ச் சொன்னதன் மறுவடிவமே.

வேடன் என்பவரின் இயற்பெயர் ஹிரண்தாஸ் முரளி. திருச்சூர் ரயில் நிலையத்தை அடுத்த குடியிருப்பில் வளர்ந்தவர். தாயார் இலங்கைத் தமிழர். 2020-இல் ‘வாய்ஸ் ஆஃப் தி வாய்ஸ்லெஸ்’, அதாவது குரலற்றவர் குரல், என்னும் பாட்டால் அறியப்பட்டார். 2024-இல் ‘மஞ்ஞும்மல் பாய்ஸ்’ படத்துப் பாட்டால் எல்லாரும் அறியும் பெயரானார். மலையாளத்தில் பாடும் அவரை எல்லைத் தமிழ் இளைஞர் தம்மவராகக் கொண்டதற்குத் தாயாரின் ஊர் மட்டும் காரணம் ஆகாது. நிலமும் நிறமும் சாதியும் பற்றி அவர் பாடுவது இவர்கள் வீட்டுச் செய்தி. பாலக்காட்டுக்கு இரு வாரம் முன்னர், மே 5-ஆம் நாள், இடுக்கி வாழத்தோப்பில் அரசு விழாவில் அவர் பாடினார். அவ்விழாவில் ஏப்ரல் இறுதியிலேயே பாட வேண்டியவர். கஞ்சா வழக்கில் கைதானதால் அன்று நீக்கப்பட்டு, பிணையில் வந்தபின் மீண்டும் அழைக்கப்பட்டார். அதே ஆண்டு சூலையில் ஒரு பெண் மருத்துவரின் பாலியல் புகாரின்மேல் அவர்மீது வழக்குப் பதிவாயிற்று; ஆகஸ்டில் உயர்நீதிமன்றம் முன்பிணை வழங்கியது. பாட்டு நன்றாயிருக்கிறது என்பதற்காகப் புகார் கொடுத்த பெண்ணை இழித்துப் பேசிய சிலரை நம்மிடையேயும் கண்டேன். ஒடுக்கப்பட்டோர் குரல் என்று சொல்லிக்கொண்டு வேறொருவர் குரலை ஒடுக்குதல் என்ன முறை? கானாவிலும் பெண்ணைப் பழித்துக் கைதட்டல் வாங்கும் பாட்டுகளுக்குக் குறைவில்லை. வழக்கை நீதிமன்றம் பார்த்துக்கொள்ளட்டும்; பாட்டை நாம் பார்ப்போம். ஆனால் பாட்டைக் கொண்டு வழக்கை மூட வேண்டாம்.

இனி மலைக்கு வருவோம். 1964-ஆம் ஆண்டு அக்டோபர் 30-ஆம் நாள் சிறிமாவோ – சாஸ்திரி ஒப்பந்தம் கையெழுத்தாயிற்று. இலங்கைத் தேயிலைத் தோட்டங்களில் நாடற்றவராக இருந்த 9,75,000 பேரில் 5,25,000 பேரை இந்தியா ஏற்பது, 3,00,000 பேருக்கு இலங்கை குடியுரிமை தருவது, எஞ்சியோரைப் பற்றிப் பின்னர் முடிவு செய்வது என்பது ஏற்பாடு. கேட்கப்படாமலே பங்கிடப்பட்ட மக்கள் அவர்கள். திரும்பியோரில் ஒரு பகுதியினர் நீலகிரியில் குடியேறினர். சிலர் வண்டிப்பெரியாற்றுக்கு அப்பாலுள்ள கவியின் ஏலக்காட்டில் வேலை பெற்றனர். அவ்வாறு இலங்கைத் தோட்டத்தில் உழைத்துத் திரும்பிய வள்ளியம்மாள் என்னும் மூதாட்டியின் பேரன்தான் கேஸ்ட்லெஸ் கலெக்டிவ் குழுவில் பாடிய அறிவு. 2021 மார்ச்சில் வெளிவந்த ‘எஞ்சாய் எஞ்சாமி’ பாட்டி சொன்ன கதையிலிருந்து எழுந்த பாட்டு. உலகம் முழுதும் பல கோடி முறை அது கேட்கப்பட்டது.

அதன்பின் நடந்ததுதான் நமக்குப் பாடம். 2021 ஆகஸ்டில் ஓர் இசை இதழின் அட்டையில் அப்பாட்டைப் பாடிய தீயின் படம் இருந்தது. அறிவின் படம் இல்லை. பா. இரஞ்சித் வெளிப்படையாகக் கண்டித்தார். 2022 சூலையில் சென்னையில் சதுரங்க ஒலிம்பியாடு தொடக்க விழாவில் அப்பாட்டு ஒலித்தது. மேடையில் அறிவு இல்லை. எழுதியதும் மெட்டமைத்ததும் பாடியதும் நடித்ததும் தாம் என்று அவர் சொன்னார். இசையமைப்பாளர் சந்தோஷ் நாராயணனும் தீயும் தத்தம் விளக்கத்தைத் தந்தனர். 2024 மார்ச்சில் சந்தோஷ் நாராயணனே, அப்பாட்டினால் தங்களுக்கு ஒரு காசும் வந்து சேரவில்லை என்றார். யார் பக்கம் எவ்வளவு நியாயம் என்று தீர்ப்பது என் நோக்கம் அன்று. தோட்டத்தில் மரம் வைத்தவருக்கு மரம் உரிமையில்லை என்பதைச் சொல்லிய பாட்டிலேயே, பாட்டு யாருடையது என்ற வழக்கு எழுந்ததைப் பாருங்கள்!

கொழுந்தெடுக்கும் கையும் அப்படித்தான். என் பூட்டனார் திருநெல்வேலிச் சீமையிலிருந்து கங்காணி பின்னால் மூணாற்றுக்கு ஏறியவர். லயத்து வீடு கம்பெனியுடையது. வேலை ஓய்ந்தால் வீட்டை விட வேண்டும். ஆதலால் வீட்டுக்கு ஒருவராவது தோட்டத்திலேயே இருந்தாக வேண்டும். எங்கள் வீட்டில் என் அக்கா இருக்கிறாள். அதனால்தான் நான் இங்கே படிக்கிறேன். பட்டியல் சாதிச் சான்றிதழ் கேட்டுச் சென்றால், 1950 ஆகஸ்டு 10-க்கு முன்னரே குடும்பம் இம்மாநிலத்தில் இருந்ததற்கு ஆவணம் கேட்கின்றனர். நிலமில்லாதவனிடம் பட்டா ஏது? மூன்று தலைமுறை கொழுந்தெடுத்ததற்குக் கொழுந்தா சாட்சி சொல்லும்? 2020 ஆகஸ்டு 6-ஆம் நாள் இரவு பெட்டிமுடியில் மலை சரிந்து லயங்களின்மேல் விழுந்தது. எழுபது பேர் மாண்டனர். நால்வர் உடல் கிடைக்கவேயில்லை.

சித்தூர்ப் பக்கத்தில் கதை வேறு, பொருள் ஒன்று. முதலமடையை அடுத்த கோவிந்தாபுரத்து அம்பேத்கர் குடியிருப்பில் வாழும் அருந்ததியர், பொதுக் குழாயிலும் தேநீர்க் கடையிலும் தமக்கு வேறுபாடு காட்டப்படுவதாகக் கூறியது 2017-இல் செய்தித்தாள்களில் வந்தது. இம்மக்கள் தமிழர்; இருப்பது கேரளம்; பேச்சில் இரண்டும் கலந்திருக்கும். மலையாளத்துப் பள்ளியில் எங்களைப் ‘பாண்டி’ என்பார்கள். மலையிறங்கிப் போடிக்கோ கோவைக்கோ வந்தால் ‘மலையாளத்தான்’ என்பார்கள். இரண்டு பெயர்களையும் கேட்டு வளர்ந்தவர்கள் இவ்விதழைப் படிப்போரில் பலர் உண்டு என்பது எனக்குத் தெரியும்.

இம்மக்களுக்குக் குரலில்லை என்பது பிழை. 2015 செப்டம்பரில் மூணாற்றில் போனஸ் இருபது விழுக்காட்டிலிருந்து பத்தாகக் குறைக்கப்பட்டபோது, ஆயிரக்கணக்கான பெண் தொழிலாளர் சாலையில் அமர்ந்தனர். ‘பொம்பிளை ஒருமை’ என்று தமக்குப் பெயர் வைத்துக்கொண்டு, தொழிற்சங்கத் தலைவர்களையும் அருகே விடாமல், ஒன்பது நாள் போராடி இருபது விழுக்காட்டையும் பெற்றனர். அவ்வாண்டு அக்டோபரில் நாட்கூலி 232 ரூபாயிலிருந்து 301 ரூபாயாக உயர்ந்தது. அவர்கள் முழக்கம் தமிழில் இருந்தது, எதுகையோடு இருந்தது, ஒருத்தி எடுக்கப் பலர் தொடுத்தனர். தாளத்தின்மேல் ஏற்றிய பேச்சு என்று ராப்புக்குச் சொன்ன இலக்கணம் அதற்கும் பொருந்தும். கோஷம் என்று அதனை எழுதினர். பாட்டு என்று எழுதவில்லை.

பாட்டு என்று ஒப்புக்கொண்டபோதும் சண்டை வந்தது. அட்டப்பாடியைச் சேர்ந்த இருளர் இனத்து நஞ்சியம்மா, ஆடுமாடு மேய்த்து வாழ்ந்தவர். 2020-இல் ‘அய்யப்பனும் கோஷியும்’ படத்தில் இருளமொழியில் பாடிய பாட்டுக்காக 2022-இல் அவருக்குச் சிறந்த பின்னணிப் பாடகிக்கான தேசிய விருது அறிவிக்கப்பட்டது. சுருதிக்குள் நின்று பாடப் பயிலாதவருக்கு விருதா என்று இசைத்துறையினர் ஒருவர் கேட்டார்; இசைத்துறையினர் வேறு சிலரே அவருக்கு மறுமொழி கூறினர். சுரம் பிடிபடாத பறையைப் பற்றி மேலே எழுதியதை இவ்விடத்தில் நினைவுகூரலாம்.

ஆனால் ஒன்று என் மனத்தை உறுத்துகிறது. வேடன் மலையாளத்தில் பாடுகிறார். அறிவு அரக்கோணத்திலிருந்து வந்தவர். தாராவியார் தாராவியைப் பாடுகின்றனர். விடுதியில் நாம் கேட்பவை அனைத்தும் பிறர் பாடியவை. மஸ்டரில் பெயர் கொடுக்கும் விடியற்காலை, ஆற்றுக்கு அப்பால் ஒரு மாநிலமும் இப்பால் ஒரு மாநிலமுமாய் இருக்கும் வேலந்தாவளத்துச் சந்தை, சான்றிதழுக்கு நான்காம் முறை வரச்சொன்ன அலுவலகம் ஆகியவற்றை அவர்கள் பாட முடியாது. கொழிஞ்சாம்பாறைத் தமிழிலும் லயத்துத் தமிழிலும்தான் பாட முடியும். அத்தமிழைப் பேச நாமே வெட்கப்படுகிறோம். மேடையேறினால் அடுக்குமொழி, அறைக்குள் வந்தால் ஆங்கிலம். வீட்டில் தாயோடு பேசும் மொழி எவ்விடத்தும் எழுதப்படுவதில்லை.

நம் சங்கத்து ஆண்டுவிழாவில் பட்டிமன்றம் உண்டு, கவியரங்கம் உண்டு, மெல்லிசை உண்டு. சென்ற விழாவின்போது ஒழலப்பதியிலிருந்து வந்த முதலாண்டு மாணவர் ஒருவர் தாமே எழுதிய பாட்டை, நண்பர் ஒருவர் பறையடிக்கப் பாட விரும்பிப் பெயர் கொடுத்தார். எந்தப் பிரிவிலும் அது சேராது என்று பட்டியலிலிருந்து நீக்கப்பட்டது. நீக்கியவர்களும் என் நண்பர்களே. விதியைப் படித்துப் பார்த்துத்தான் நீக்கினர். விதியில் ‘மெல்லிசை, திரையிசை, கர்நாடக இசை’ என்று மூன்றே சொற்கள் இருக்கின்றன. வரும் பொதுக்குழுவில் நான்காவதாக ‘சொந்தப் பாட்டு’ என்று ஒரு சொல்லைச் சேர்க்கத் தீர்மானம் கொண்டுவர இருக்கிறேன். எந்த வட்டாரத் தமிழிலும் பாடலாம், எந்தக் கருவியும் இருக்கலாம், பாட்டை எழுதியவர் பெயர் நிகழ்ச்சி நிரலில் அச்சிடப்பட வேண்டும் என்பன அதன் மூன்று உட்பிரிவுகள். வழிமொழிய ஒருவர் வேண்டும். விருப்பமுள்ளோர் பொதுக்குழுவுக்கு ஒரு வாரம் முன்னதாகத் தம் பெயரைச் செயலாளரிடம் தெரிவிக்கலாம்.